மடைக்கல்லின் கீழ்ப்பாதி

அத்தியாயம் 17

புதன்கிழமை காலை ஆறரை மணிக்கே சிவசண்முகம் பட்டு வேட்டி கட்டிவிட்டார். பதிப்பகத்தில் வரச் சொன்ன நேரம் பதினொன்று.

அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்த வேணி, மாப்பிள்ளை அழைப்புக்குப் புறப்பட்டது போல நிற்கிற மாமனாரைக் கண்டு, தலையை உள்ளே இழுத்துக்கொண்டாள். பத்தொன்பது வருஷமாக அடுத்தவர் பிழையைப் பார்த்துச் சம்பளம் வாங்குகிறவள் அவள். எந்தப் பிழையை எந்த நேரத்தில் சொல்லக் கூடாது என்பது அந்த வேலையில் சரிபாதி.

போன வாரங்களை விட்டவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். சிவசண்முகம் கூட்டுறவுத் துறையில் துணைப் பதிவாளராக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வுக்குப் பின் இருபது வருஷம் தாமிரபரணிக் கரையில் வாய்க்கால் வாய்க்காலாக அலைந்து, மடைகளை முழம் போட்டு அளந்து, எழுநூறு பக்கத்துக்கு ஒரு புத்தகம் எழுதினார். ஏழு அத்தியாயம். அதை, மருமகள் வேலை பார்க்கிற பாளையங்கோட்டை தூய மிக்கேல் பல்கலைக்கழகப் பதிப்பகத்திலேயே கொண்டுபோய்க் கொடுத்தார். நம்ம பிள்ளை உள்ளே இருக்கிறாள், வேலை சுளுவாக முடிந்துவிடும் என்று அவர் கணக்கு.

மருமகளோ அன்றைக்கே 'ஆசிரியர் என் மாமனார்' என்று படிவத்தில் எழுதிக் கையெழுத்திட்டுவிட்டு அந்தக் கோப்பிலிருந்து ஒதுங்கிக்கொண்டாள். அது ஐந்து மாதத்துக்கு முன்னால். அதிலிருந்து வீட்டில் ரசத்தில் உப்புக் கூடினாலும் குறைந்தாலும் பேச்சு சுற்றி வளைத்து அந்தப் படிவத்தில் வந்துதான் நிற்கும்.

ஆறு அத்தியாயங்கள் தண்ணீரைப் பற்றியவை. ஏழாவது, சிவசண்முகத்தின் கொள்ளுத்தாத்தா ஆவுடைநாயகம் பிள்ளையைப் பற்றியது. சீவலப்பேரி வாய்க்காலில் ஒரு பழைய மடை. அதன் சுவரில் பதித்த கல்லில், 'கொல்லம் 1057 ஆவணி மாதம் இந்த மடை ஆவுடைநாயகம் பிள்ளை செலவிலே கட்டினது' என்று இருக்கிறது. இங்கிலீஷ் கணக்கில் 1881. இந்த ஒற்றை வாக்கியத்தை வைத்துத் தொண்ணூற்றாறு பக்கம் எழுதியிருந்தார். கொள்ளுத்தாத்தா பஞ்சத்தில் வாடிய குடிகளைக் கண்டு கலங்கியது, மனைவியின் தாலிக்கொடி நீங்கலாக எல்லா நகையையும் கழற்றிக் கொடுத்தது, மடை திறந்த அன்று ஆகாயத்தில் கருடன் வட்டமிட்டது, எல்லாம் அதில் உண்டு. கருடனுக்கு மட்டும் அடிக்குறிப்பு இல்லை.

ஆனி மாதம் அவருக்குச் சதாபிஷேகம். அன்றைக்கே புத்தக வெளியீடு. அழைப்பிதழ் ஐந்நூறு அடித்தாகிவிட்டது. 'மடை கண்ட வள்ளல் ஆவுடைநாயகம் பிள்ளையின் கொள்ளுப்பேரன்' என்று பொன்னெழுத்தில் மேலே. அதற்குக் கீழே, அதைவிடச் சின்ன எழுத்தில், முருகன் துணை. ஆழ்வார்திருநகரியில் கிரானைட் கடை வைத்திருக்கும் அவர் சித்தப்பா மகன் கைலாசம் அழைப்பிதழைப் பார்த்துவிட்டு உருகிப்போய், மடைக்குப் பக்கத்தில் நட ஆறடிக் கல்லில் அதே பட்டத்தை வெட்டிக்கொண்டிருந்தான். வருகிற திங்கட்கிழமை கார் சாகுபடிக்கு அணை திறக்கிறார்கள். தண்ணீர் வருவதற்குள் கல் நட்டாக வேண்டும்.

ஆக, இன்றைக்குப் பதினொரு மணிக்குப் புத்தகத்துக்குப் பதிப்பகம் சரி சொல்ல வேண்டியது ஒன்றுதான் பாக்கி. அதைச் சொல்லத்தான் கூப்பிட்டிருக்கிறார்கள் என்பதில் சிவசண்முகத்துக்குச் சந்தேகமே இல்லை. கையில் ஒரு பழக்கூடை தயாராக இருந்தது.

"ஒங்க கொள்ளுத்தாத்தா ஊருக்கே மடை கட்டினாவ," என்றாள் சண்முகசுந்தரி, காப்பியை நீட்டியபடி. ஐம்பத்திரண்டு வருஷமாக அவருக்கு மனைவி. "நம்ம அடுப்படிக் குழாய அடைக்கத்தான் வீட்ல ஆளக் காணோம்."

"எட்டு மாசம் ஒழுகின குழா. இன்னும் ஒரு மாசம் ஒழுகட்டும். புத்தகம் வரட்டும்."

"புத்தகத்த வச்சு அடைக்கவா?"

அவர் காப்பியை வாங்கிக்கொண்டார். வரலாற்று மனிதர்கள் இப்படித்தான் வீட்டுக்குள் அவமதிக்கப்படுவார்கள் என்று அவருக்குத் தெரியும்.

வாடகைக் கார் வேண்டும் என்றார். பத்து நிமிஷத் தூரத்துக்குக் காரா என்று கேட்டு வேணி ஸ்கூட்டரை எடுத்தாள். பட்டு வேட்டியை மடித்துப் பின்னால் உட்கார்ந்து, ஒரு கையில் பழக்கூடையும் மறு கையில் எழுநூறு பக்கமுமாக, பதிப்பகம் போய்ச் சேரும் வரை மருமகள் காதுக்குள் ஒரே சொல்லைச் சொல்லிக்கொண்டு வந்தார். பைய போ, பைய போ.

*

தூய மிக்கேல் பல்கலைக்கழகத்தில் வாசல் வளைவு பெரிது. துணைவேந்தர்கள் ஒவ்வொருவரும் ஆளுக்கொரு கல்வெட்டு வைத்துவிட்டுப் போனதில், வளைவிலிருந்து தேவாலயம் வரைக்கும் நடந்தால் பதினொரு திறப்பு விழாக்களைக் கடக்க வேண்டும். பதிப்பகம் இதெல்லாம் தாண்டி, கடைசியில், பழைய குதிரை லாயத்தில் இருந்தது. 'உலகத் தரம் வாய்ந்த பதிப்பகம்' என்று பல்கலைக்கழகத்தின் இணையதளம் சொல்லும். ஐப்பசி மழையில் அந்த உலகத் தரத்துக்குக் கீழே நாலு வாளி வைக்க வேண்டும்.

எழுபத்தைந்து வருஷத்துக்கு முன்னால் லூர்துநாதர் சாமி என்று ஒரு குருவானவர், காலால் மிதித்து ஓட்டும் அச்சு இயந்திரம் ஒன்றை வைத்து இதை ஆரம்பித்தார். முதலில் ஞானப் பாட்டுகளும் பரீட்சைக் கேள்வித்தாளும் அடித்தார்கள். பிறகு சாமிக்குப் புலமைப் பசி எடுத்தது. ஆற்று மீன்களைப் பற்றித் தாமே ஒரு நூல் எழுதி, தாமே சரி பார்த்து, தாமே அச்சடித்து, ஆயரை வைத்து வெளியிட்டார். வெளியீட்டுக்கு வந்திருந்த ஒரு மீன்காரர் படங்களைப் புரட்டிப் பார்த்துவிட்டு, சாமி, நீங்க நாப்பத்தோரு மீன் சொல்லியிருக்கிய, இதுல ஒன்பது மத்ததோட குஞ்சு என்று சபையிலேயே சொல்லிவிட்டார்.

சாமி மூன்று நாள் அறையை விட்டு வெளியே வரவில்லை. நாலாம் நாள் வந்து, சுவரில் ஒரு சட்டம் எழுதி மாட்டினார். இன்னும் மாட்டியிருக்கிறது. இங்கே அச்சாகிற எந்த நூலையும் இரண்டு பேர் வாசிக்க வேண்டும். ஒருவர் அந்த விஷயத்தைப் படித்தவராக இருக்கட்டும். இன்னொருவர் அதைப் பார்த்தவராக இருக்கட்டும். எழுதியவர் யார் என்று வாசிக்கிறவருக்குத் தெரியக் கூடாது. வாசித்தவர் யார் என்று எழுதியவருக்குத் தெரியக் கூடாது. அவர்களாகச் சம்மதித்தால் ஒழிய.

அந்த மீன் புத்தகத்தில் இருநூற்றுப் பன்னிரண்டு பிரதி இன்னும் கிடங்கில் இருக்கிறது. வேலைக்குச் சேருகிற ஒவ்வொருவருக்கும் ஒன்று கொடுப்பார்கள். வேணிக்கு இரண்டு. சேர்ந்த அன்று ஒன்று, கல்யாணப் பரிசாக ஒன்று.

வாசகர்களின் பெயரை உறையிலிட்டு ஒட்டி ஓர் இரும்பு அலமாரியில் பூட்டி வைப்பார்கள். அட்டை வடிவமைக்கும் ஹெப்சிபா சி.எஸ்.ஐ.க்காரி. கத்தோலிக்கர்களைக் கேலி பண்ணக் கிடைத்த வாய்ப்பை விடாமல் அந்த அலமாரிக்கு, சாமியார் காதில் பாவத்தை ரகசியமாகச் சொல்கிற இடம் போல, 'பாவசங்கீர்த்தனப் பெட்டி' என்று பெயர் வைத்தாள். இப்போது சாமிமார்களே அப்படித்தான் சொல்கிறார்கள்.

வாசகர் அறிக்கையைத் தபாலிலும் அனுப்ப மாட்டார்கள். ஒரு காலத்தில் அனுப்பினார்கள். நாகர்கோவில் பேராசிரியர் ஒருவர் பதிலுக்கு வக்கீல் நோட்டீஸ் அனுப்பினார். அதற்குப் பிறகு எழுதியவர் நேரில் வர வேண்டும், வாசிப்பு அறையில் தனியாக உட்கார்ந்து அறிக்கையை முழுக்கப் படிக்க வேண்டும், மாலை நாலு மணிக்குள் கைப்பட ஒரு பதில் எழுதிவிட்டுப் போக வேண்டும். திருத்துகிறேன் என்றோ, திரும்ப எடுத்துக்கொள்கிறேன் என்றோ. காப்பியும் பன்னும் பதிப்பகத்துச் செலவு.

இந்த இடத்தின் மேல் வேணிக்கு இருந்த நன்றியை அவள் யாரிடமும் சொன்னதில்லை. நெற்றியில் திருநீற்றோடு வந்து நின்ற இருபத்தைந்து வயதுக்காரியிடம், இந்தப் பக்கத்தில் தப்பு எங்கே என்று மட்டும் கேட்டு வேலை கொடுத்தார்கள். பிறந்த வீட்டில் தப்பு என்று சொன்னால் வாயாடி. புகுந்த வீட்டில் சொன்னால் திமிர். இங்கே மட்டும்தான் அவள் தப்பு என்று சொன்னால், எங்கே காட்டு என்று கண்ணாடியை மாட்டுவார்கள்.

*

இயக்குநர் தேவசிகாமணி சாமி வாசல் வரை வந்து பழக்கூடையை வாங்கி, அப்படியே ஹெப்சிபாவின் மேசையில் வைத்தார். பிறகு சிவசண்முகத்தை வாசிப்பு அறைக்குள் உட்கார வைத்தார்.

"காப்பிய மொதல்ல குடிச்சிருங்க அண்ணாச்சி. படிக்க ஆரம்பிச்சா ஆறிப்போகும்."

கதவு சாத்தியது. ஐந்து நிமிஷத்தில் உள்ளிருந்து சத்தம் கேட்டது. முதலாம் வாசகர் அறிக்கையை மாமனார் வாய்விட்டுப் படிக்கிறார், தெருவுக்கே கேட்கும்படி. மொத்தம் ஆறு வரி. 'தமிழ் கூறும் நல்லுலகம் இந்நூலாசிரியருக்குக் கடமைப்பட்டுள்ளது' என்று தொடங்கி, 'கடல் வாணிகம் பற்றிய இவரது பார்வை தனித்துவமானது' என்று முடிந்தது. புத்தகத்தில் கடல் எந்தப் பக்கத்திலும் இல்லை. ஆறு போய்ச் சேருகிற இடம் என்று ஒரு தடவை வந்ததாக வேணிக்கு ஞாபகம்.

அதற்குப் பிறகு சத்தம் வரவில்லை.

இரண்டாம் வாசகர் அறிக்கை முப்பத்தொரு பக்கம் என்று ஹெப்சிபா சொல்லியிருந்தாள். அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை. அவள் சொல்லவும் கூடாது, இவள் கேட்கவும் கூடாது. வேணி ஒரு தாவரவியல் நூலின் மெய்ப்பை எதிரே வைத்துக்கொண்டு, ஒரே வரியை நாலாவது தடவை படித்தாள். பன்னிரண்டு அடித்தது. ஒன்று அடித்தது. தூத்துக்குடித் துறைமுக ஆபீஸிலிருந்து கணவன் கோமதிசங்கர் மூன்று தடவை போன் பண்ணி, என்னாச்சு என்றான். மூன்று தடவையும், அப்பாட்ட நான் கேட்டேன்னு சொல்லாத என்று வைத்தான்.

ஒன்றேகாலுக்குக் கதவு திறந்தது. சிவசண்முகம் தலையை மட்டும் நீட்டினார்.

"வேணி. இங்கன வா."

அவள் தேவசிகாமணி சாமியைப் பார்த்தாள். மருமகளாகப் போகலாம், பதிப்பகத்து ஆளாகப் போகக் கூடாது என்றார் அவர். வேணி கழுத்து அடையாள அட்டையைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு உள்ளே போனாள்.

பன் தொடாமல் இருந்தது. மேசை முழுக்க ஒரு காகிதம் விரித்திருந்தது. கல்வெட்டின் மேல் ஈரக் காகிதத்தை ஒட்டி, மை தடவி எடுக்கிற படி. எழுத்துகள் கறுப்பில் வெள்ளையாகத் தெளிவாக நின்றன. மேலே மூன்று வரி அவளுக்கு மனப்பாடம். வீட்டில் தினமும் கேட்பதுதான். அதற்குக் கீழே இன்னும் ஐந்து வரி இருந்தது.

சிவசண்முகம் அந்தக் கல்லைப் பார்த்தது போன வருஷம் தை மாதத்தில். பிசான நெல்லுக்கு வாய்க்கால் நிறையத் தண்ணீர் போகிற நேரம். கரையில் நின்று, படம் பிடிக்கிறவரை வைத்துக்கொண்டு, குனிந்து மாலை போட்டார். மாலையைத் தண்ணீர் இழுத்துக்கொண்டு போனது. கல்லின் பாதி தண்ணீருக்குள் இருக்கிறது என்று அவருக்குத் தோன்றவில்லை. தாத்தாவின் பெயர் தெரிந்துவிட்டது, மீதி எதற்கு?

இரண்டாம் வாசகர் போனது இந்தச் சித்திரையில். வாய்க்கால் அடைத்து, தரை தெரிகிற மாதத்தில்.

"வாசி," என்றார் சிவசண்முகம்.

வேணி கீழ்ப்பாதியை வாசித்தாள். மேற்படியார் மேற்படி மடையை ராத்திரியிலே உடைத்துத் தம் வயலுக்குத் தண்ணீர் திருப்பினபடியாலே, ஊரார் கூடி விதித்த தெண்டத்துக்கு இந்த மடை கட்டினது. பிடித்துக் கொடுத்தது மடைக்காவல் பூதத்தான். இனிமேல் இப்படிச் செய்யாதிருக்கச் சூரிய சந்திரர் சாட்சி.

மடை கண்ட வள்ளல், மடையை உடைத்தவர். தொண்ணூற்றாறு பக்கமும் கருடனும் அந்த ஐந்து வரிக்குள் அடங்கிவிட்டன.

சிவசண்முகம் குரலைத் தாழ்த்தினார். வேணி அந்த வீட்டுக்கு வந்து இத்தனை வருஷத்தில் அவர் குரல் இவ்வளவு தாழ்ந்து அவள் கேட்டதில்லை.

"ஒன்னு கேக்கேன். இந்த ரெண்டாவது ஆள மாத்தி, வேற ஒருத்தர்ட்ட குடுக்கச் சொல்லலாமா? ஒரு வார்த்த நீ சொன்னா சாமி கேப்பாவ."

வேணிக்கு அழைப்பிதழ்க் கட்டு கண்ணில் நின்றது. எண்பது வயது மனிதர். உப்பு கூடின ரசத்தையெல்லாம் இந்த ஒரு வார்த்தையில் சரிக்கட்டிவிடலாம்.

"ஆள மாத்தலாம் மாமா. கல்ல மாத்த முடியாதே."

"கைலாசத்துட்டச் சொன்னா அவன் அதயும் மாத்துவான்," என்றார். சொன்னது தம் காதிலேயே விழுந்திருக்க வேண்டும். முகத்தைச் சன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார்.

அவள் அறிக்கையின் பக்கங்களைப் புரட்டினாள். மாமனார் பார்த்தது கல்லை மட்டும்தானா, மீதியைப் படித்தாரா என்று கேட்டாள். படித்தேன் என்றார். மனசில் நிற்கவில்லை என்றார். அவள் வாசித்துக் காட்டினாள். முதல் ஆறு அத்தியாயங்களுக்கு மட்டும் இருபத்திரண்டு பக்கம் எழுதியிருந்தது. அவர் சொன்ன ஒவ்வொரு மடைக்கும் இந்த வாசகர் போயிருக்கிறார். நாற்பத்துமூன்று அளவுகளைத் திரும்ப அளந்திருக்கிறார். இரண்டில் மட்டும் அரை முழம் வித்தியாசம். அது ஆசிரியர் பிழையாக இராது, நடுவில் சிமெண்டு பூசியிருக்கிறார்கள் என்று அவரே சமாதானமும் சொல்லியிருந்தார்.

'நான் இந்த வாய்க்காலில் குளித்து வளர்ந்தவள். ஆறு அத்தியாயங்களைப் படித்த பிறகு போய் நின்றபோது, அதை முதல் தடவையாகப் பார்ப்பது போல இருந்தது. இந்த வேலையை இருபது வருஷம் தனியாகச் செய்த மனிதர் யாரோ, அவருக்கு என் வணக்கம்.'

வளர்ந்தவள் என்கிற சொல்லில் சிவசண்முகம் திரும்பினார்.

'ஏழாம் அத்தியாயத்தை நீக்க வேண்டாம்' என்று அடுத்த பத்தி தொடங்கியது. 'முழுக் கல்லையும் வைத்துத் திரும்ப எழுத வேண்டும். தானம் கொடுத்த கல் ஊருக்குப் பத்து இருக்கிறது. நிலக்காரர் ஒருவரை ஊர் கூடிக் கேள்வி கேட்டுத் தெண்டம் வாங்கி, அவரும் அதற்குக் கட்டுப்பட்டு மடை கட்டிக் கொடுத்த கல்லை நான் வேறெங்கும் கண்டதில்லை. இவர் கண்டுபிடித்தது இவர் நினைத்ததை விடப் பெரியது.'

அப்போது தேவசிகாமணி சாமி கதவைத் தட்டிவிட்டு உள்ளே வந்தார். இன்னொரு பக்கம் இருக்கிறது, அதைத் தாம் பக்கத்தில் இருக்கும்போதுதான் காட்ட வேண்டும் என்று தனியே எடுத்து வைத்திருந்தாராம். வேணி ஐந்து மாதத்துக்கு முன் நிரப்பிய அதே படிவம். வாசகர்களும் அதை நிரப்ப வேண்டும். இந்நூலில் வரும் எவரோடும் உமக்கு உறவு உண்டா என்ற கேள்விக்கு, இரண்டாம் வாசகர் எழுதியிருந்தார்: 'வாசிக்கத் தொடங்கியபோது இல்லை. கல்லைக் கழுவிய பிறகு, உண்டு. மடைக்காவல் பூதத்தான் என் பாட்டனாருக்குத் தகப்பனார். ஆகவே என் வாசிப்பை வேறொருவர் போய்ச் சரிபார்ப்பது நல்லது.'

அதனால்தான் ஒரு மாதம் தாமதம் என்றார் சாமி. போய்ச் சரிபார்க்க வேறு ஆள் தேடிக் கிடைக்காமல், கடைசியில் அவரே சீவலப்பேரிக்கு டவுன் பஸ்ஸில் போய், அங்கியைத் தூக்கி இடுப்பில் செருகிக்கொண்டு, முழங்கால் சேற்றில் இறங்கி எழுத்தெழுத்தாக ஒப்பிட்டார். கரையில் நின்ற ஆடு மேய்க்கிறவர் ஒருவர், சாமி ஞானஸ்நானம் கொடுக்க ஆள் தேடுகிறார் என்று நினைத்துப் பத்தடி தள்ளிப் போய் நின்றாராம். ஓர் எழுத்துகூடப் பிசகவில்லை.

சிவசண்முகம் அந்தப் படிவத்தைக் கையில் வாங்கினார். படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டி இன்னொரு தடவை படித்தார். தோள் குலுங்கியது. வேணி பதறிப்போய்க் கிட்டே போனாள். அழவில்லை. சிரித்துக்கொண்டிருந்தார். பட்டு வேட்டியின் கரையால் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார்.

"அன்னைக்கு எங்க கொள்ளுத்தாத்தாவ மடையில வச்சுப் பிடிச்சாவ. இன்னைக்கு என்னய ஏழாம் அத்தியாயத்துல வச்சுப் பிடிச்சிருக்காவ. காவல் இன்னும் விடல, சாமி."

பிறகு பன்னை எடுத்துப் பிட்டு, ஆறிப்போன காப்பியில் தோய்த்துத் தின்றார். பசி வந்துவிட்டது.

*

பதில் எழுத அவருக்கு ஒன்றரை மணி நேரம் ஆனது. ஒரே வரிதான். 'முழுக் கல்லையும் வைத்துத் திரும்ப எழுதுகிறேன்.' மீதி நேரம் நன்றியுரைக்குப் போயிற்று.

பழைய நன்றியுரை நாலு பக்கம். இரண்டு அமைச்சர்கள், ஒன்பது அதிகாரிகள், தம்மைச் 'சுடர்விடும் ஆய்வறிஞர்' என்று அழைத்த ஒரு சங்கத் தலைவர், பிறகு குலதெய்வம். எல்லாவற்றையும் ஒரு கோட்டில் அடித்தார். கீழே எழுதினார்: 'நான் கரையில் நின்று பார்த்ததைச் சேற்றில் இறங்கிப் பார்த்த இரண்டாம் வாசகருக்கு. அவர் வராவிட்டால் இந்தப் பொய்யை அச்சடித்து என் பேரப்பிள்ளைகள் கையில் கொடுத்திருப்பேன்.'

அதை வேணியிடம் நீட்டி, பிழை பார் என்றார். அவள் பார்த்தாள். அதற்கும் கீழே, சின்ன எழுத்தில், இன்னொரு வரி இருந்தது. 'என் கோப்பைத் தொடாத மருமகளுக்கு.'

"பிழை ஒன்னும் இல்ல மாமா," என்றாள். வெளியே போய், மேசையிலிருந்த அடையாள அட்டையை எடுத்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, ஏதோ வேலை இருப்பது போல நின்றாள்.

முதல் அழைப்பிதழை அந்த அம்மாவுக்குத் தம் கையால் கொடுக்க வேண்டும் என்று சிவசண்முகம் கேட்டார். உறையைத் திறக்க வாசகரின் சம்மதம் வேண்டும். சாமி தம் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு போனில் பேசினார். கால் மணி நேரம் கழித்து வந்தார்.

"சம்மதம்னுட்டாவ. ஆனா ஒரு காரியம் கேக்காவ."

வீட்டுக்கு வர மாட்டார்களாம். பதிப்பகத்துக்கும் வர மாட்டார்களாம். ஞாயிற்றுக்கிழமை, தண்ணீர் வருவதற்கு முந்தின நாள், தம் அம்மாவை அழைத்துக்கொண்டு மடைக்கு வருவார்கள். அந்தத் தாயார் எழுபது வயது வரை அதே வாய்க்கால் பாசனத்தில் நடவு நட்டவள், எழுத்து தெரியாது. ஆவுடைநாயகம் பிள்ளையின் கொள்ளுப்பேரன் அந்தக் கல்லை, மேல்பாதியும் கீழ்ப்பாதியும், அவளுக்கு வாய்விட்டு வாசித்துக் காட்ட வேண்டும். ஊரும் இருக்கும்.

சிவசண்முகம் எழுநூறு பக்கத்தையும் அள்ளிக்கொண்டு எழுந்தார். வீடு வரை ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்து வந்தார். பைய போ என்றுகூடச் சொல்லவில்லை.

*

வீட்டில் சண்முகசுந்தரி குழாய்க்குக் கீழே வாளியை மாற்றி வைத்துக்கொண்டிருந்தாள். நடந்ததை வேணிதான் சொன்னாள். சண்முகசுந்தரி முழுக்கக் கேட்டாள். இந்த வீட்டில் கல்யாணமாகி வந்த நாளாகத் தானும் வள்ளலின் குடும்பத்துக்குத் தகுந்தபடி நடக்க வேண்டும் என்று எத்தனை பேர் எத்தனை தடவை சொன்னார்கள் என்று மெதுவாகக் கேட்டுவிட்டு, வாய் பொத்திச் சிரித்தாள். அவளுக்கும் ஒரு பாரம் இறங்கியிருக்கும் போல.

சிவசண்முகம் கூடத்தில் அழைப்பிதழ்க் கட்டைப் பிரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஓர் அழைப்பிதழை எடுத்து, 'மடை கண்ட வள்ளல்' என்ற சொற்களின் மேல் பென்சிலால் கோடு போட்டார். மேலே ஏதோ எழுதினார், அழித்தார். கடைசியில் அந்த இடத்தை வெறுமனே விட்டார். பென்சிலை விரலில் உருட்டிக்கொண்டே, யாரையும் பார்க்காமல் கேட்டார்.

"வாய்க்கால் கரையில நின்னு வாசிச்சா, என் சத்தம் அக்கரைக்குக் கேக்குமா?"

"அம்பது வருஷமா தெரு முக்கு வரைக்கும் கேக்குதே," என்றாள் சண்முகசுந்தரி.

அப்போது அவர் போன் அடித்தது. ஆழ்வார்திருநகரி கைலாசம். வேணிதான் எடுத்தாள். கைலாசம் மூச்சு விடாமல் பேசினான். கல் முடிந்துவிட்டது மருமகளே, கண்ணாடி மாதிரி மெருகு, 'மடை கண்ட வள்ளல்' ஒவ்வொரு எழுத்தும் அரையடி, வண்டியில் ஏற்றிக் கட்டியாகிவிட்டது, பேசி வைத்த சனிக்கிழமைக்குக் காத்திருக்க மனசு இல்லை, நாளைக் காலை விடியும்போது நேரே சீவலப்பேரியில் இறக்குகிறோம், மேளமும் சொல்லியாகிவிட்டது.

போனைப் பொத்திக்கொண்டு மாமனாரிடம் அப்படியே சொன்னாள். வண்டி கிளம்புகிறது என்றாள்.

சிவசண்முகம் கையிலிருந்த அழைப்பிதழைத் திருப்பி, அதன் வெறும் பின்பக்கத்தைப் பார்த்தார்.

"அந்தக் கல்லுக்குப் பின்பக்கம் எழுத எடம் இருக்கான்னு கேளு," என்றார்.